நூலும் நிரலும்



முப்பத்தாறு ஆண்டுகள் பள்ளியில் பிறருக்குக் கற்பித்தவன் நான். அவற்றுள் இறுதி ஒன்பது ஆண்டுகள் தலைமையாசிரியனாகப் பணியாற்றினேன். ஓய்வு பெற்ற பின்னர், முதல் வகுப்பில் புதிதாகச் சேர்ந்த பிள்ளையைப் போல ஒரு பாடத்தைத் தொடங்கினேன். அந்தப் பாடத்திற்கு ஆசிரியர் எவரும் இல்லை, வகுப்பறையும் இல்லை. கடையில் வாங்கிய கையேடுகள் சிலவும், என் மகன் பயன்படுத்தி ஒதுக்கிய மடிக்கணினி ஒன்றுமே எனக்குத் துணை. கற்கத் தொடங்கிய பாடம் யாது என்றால், கணினிக்கும் கைப்பேசிக்கும் செயலி எழுதும் நிரலாக்கம். அதனைக் கற்றதில் நான் அடைந்த நன்மையும், பட்ட இடரும், செய்த பிழையும் ஆகியவற்றையே இன்று உங்களிடம் சொல்ல வந்திருக்கிறேன்.

“இந்த வயதில் உமக்கு இது எதற்கு?” என்று கேட்டவர் பலர். வேலை தேடவோ பொருள் ஈட்டவோ நான் இதில் இறங்கவில்லை. நாள்தோறும் கையில் வைத்திருக்கும் கருவி எவ்வாறு இயங்குகிறது என்பதை அறியாமல் இருப்பது எனக்கு ஒரு குறையாகத் தோன்றியது. எழுதத் தெரியாதவன் பிறர் எழுதிய கடிதத்தைப் பிறர் படிக்கக் கேட்பதைப் போல, நானும் பிறர் ஆக்கிய செயலிகளை விரலால் தட்டிக்கொண்டிருந்தேன். அந்தக் குறையைத் தீர்த்துக்கொள்ள வேண்டும் என்பதே முதல் எண்ணம். வேறு காரணங்கள் பின்னர் வந்தன.

நிரல் என்பது என்ன? ஒரு செயலை முடிப்பதற்கான கட்டளைகளை வரிசைப்படுத்தி எழுதுவதே நிரல். ஆசிரியப் பயிற்சிக் காலத்தில் நாங்கள் பாடக்குறிப்பு எழுதினோம். முதலில் ஆயத்தம், பிறகு பாடப்பொருள், பிறகு வினாக்கள், இறுதியில் மீள்பார்வை என்று படிப்படியாக அது செல்லும். நிரலும் அத்தகையதே. ஆனால் ஒரு வேறுபாடு உண்டு. ஆசிரியர் ஒரு படியை விட்டுவிட்டாலும் கூர்மையான மாணவன் தன் அறிவால் அந்த இடைவெளியை நிரப்பிக்கொள்வான். கணினி ஒன்றையும் நிரப்பிக்கொள்ளாது. சொன்னதைச் செய்யும், சொல்லாததைச் செய்யாது, தவறாகச் சொன்னால் தவறாகவே செய்யும். ஆகவே, நிரல் எழுதுவோன் தான் அறிந்திருப்பதாக எண்ணுகின்ற ஒன்றை உண்மையில் எவ்வளவு அறிந்திருக்கிறான் என்பது முதல் நாளிலேயே வெளிப்பட்டுவிடுகிறது.

இக்கலையை நூல்வழிக் கற்பது நெடுநாளைய வழக்கம். 1964ஆம் ஆண்டில் அமெரிக்காவின் டார்ட்மவுத் கல்லூரியில் கெமனி, கர்ட்ஸ் என்னும் இரு பேராசிரியர்கள் பேசிக் என்ற நிரல்மொழியை அமைத்தார்கள். அறிவியல் பயிலாத மாணவரும் கணினியைக் கையாள வேண்டும் என்பதே அவர்களுடைய நோக்கம். 1978இல் கெர்னிகன், ரிச்சி என்னும் இருவர் சி மொழிக்கு ஒரு நூல் எழுதினார்கள். இருநூற்றுச் சொச்சம் பக்கமே உடைய அந்நூலின் முதல் பயிற்சி, உலகத்துக்கு வணக்கம் சொல்லும் சிறு வரியைத் திரையில் தோன்றச் செய்வது. இன்றுவரை எந்த மொழியைக் கற்பிக்கும் கையேடும் பெரும்பாலும் அந்த வணக்கத்தோடுதான் தொடங்குகிறது. நம் ஏடுகளில் பிள்ளையார் சுழி இடுவதைப் போன்றது அது. 1988இல் சார்லஸ் பெட்சோல்டு என்பவர், விண்டோஸ் சாளரங்களுக்கு நிரல் எழுதுவதை விளக்கிப் பருத்த நூலொன்றை வெளியிட்டார். அங்கே அதே வணக்கத்தைச் சொல்லப் பல பத்து வரிகள் வேண்டியிருந்தன. 1991இல் வந்த விஷுவல் பேசிக், பொத்தானையும் பெட்டியையும் இழுத்து வைத்துச் சாளரம் அமைக்கும் எளிமையைத் தந்தது. இவ்வாறு கருவிகள் மாறின. கற்பிக்கும் நூல்களும் உடன் மாறின. இந்த மாற்றத்தை நினைவில் வையுங்கள். என் முதல் இடர் இதிலிருந்துதான் பிறந்தது.

நான் தேர்ந்துகொண்ட மொழி பைத்தான். கீடோ வான் ராசம் என்னும் டச்சு நாட்டறிஞர் 1991இல் வெளியிட்ட மொழி அது. பழைய புத்தகக் கடை ஒன்றில் அறுபது ரூபாய்க்கு அதற்கொரு கையேடு கிடைத்தது. நல்ல தாள், தெளிவான அச்சு. முதற்பாடத்தில் இருந்ததை எழுத்துப் பிசகாமல் தட்டெழுதினேன். பிரிண்ட் என்ற சொல், ஓர் இடைவெளி, பின்னர் மேற்கோள் குறிக்குள் வணக்கம். அவ்வளவே. கணினி ஏற்க மறுத்துச் சிவப்பு எழுத்தில் ஏதோ சொல்லிற்று. மறுபடியும் எழுதினேன், மறுபடியும் மறுத்தது. ஒரு மாலை முழுவதும் அந்த ஒற்றை வரியோடு போராடினேன். மாணவர் முன்னிலையில் தடுமாறிய ஆசிரியனுக்கு உண்டாகும் நாணம், எவரும் இல்லாத அறையில் எனக்கு உண்டாயிற்று. இரவு உணவின்போதுகூட என் மனம் அந்த வரியிலேயே இருந்தது.

மறுநாள் எங்கள் ஊர் அஞ்சலகத் தெருவில் நகலகமும் கணினிப் பணியும் நடத்தும் இளைஞரிடம் சென்றேன். அவர் என் பழைய மாணவர். ஒன்பதாம் வகுப்பில் அவருக்குக் கணக்கு வராது என்று முடிவு கட்டியவன் நான். அவரோ பின்னர்ப் பல்தொழில்நுட்பக் கல்லூரியில் பட்டயம் பெற்று இத்தொழிலில் அமர்ந்திருந்தார். நான் காட்டியதைப் பார்த்துவிட்டு, “ஐயா, பிழைச்செய்தியை எங்கிருந்து படித்தீர்கள்?” என்று கேட்டார். “மேலிருந்துதான்” என்றேன். “பைத்தானில் கடைசி வரியை முதலில் படியுங்கள், ஐயா. என்ன பிழை என்பது அங்கேதான் இருக்கும்” என்றார். படித்தேன். பிரிண்ட் என்பதை அழைக்கும்போது அடைப்புக்குறிகள் விடுபட்டுள்ளன, இவ்வாறு எழுத எண்ணினீர்களா என்று கணினி கேட்டிருந்தது. நேற்று மாலை முழுவதும் அது எனக்கு விடையைச் சொல்லிக்கொண்டேதான் இருந்தது. நான்தான் சிவப்பைக் கண்டு அஞ்சிப் படிக்காமல் விட்டேன்.

காரணம் எளியது. என் கையேடு பைத்தானின் இரண்டாம் பதிப்பிற்கு எழுதப்பட்டது. 2008இல் வெளிவந்த மூன்றாம் பதிப்பில் அச்சிடும் கட்டளைக்கு அடைப்புக்குறி இன்றியமையாததாயிற்று. இரண்டாம் பதிப்பிற்கான ஆதரவு 2020ஆம் ஆண்டு சனவரி முதல் நாளோடு முடிவுற்றது. நூலில் பிழை இல்லை. அது எழுதப்பட்ட நாளில் அந்த வரி சரியே. இலக்கண நூல் நூறாண்டு நிற்கும். கணினிக் கையேடோ பாலைப் போன்றது. உறையில் அச்சிட்ட நாளைப் பாராமல் வாங்கியது என் தவறு.

அன்று வீடு திரும்பும்போது வேறோர் எண்ணமும் என்னைத் தொடர்ந்தது. முப்பத்தாறு ஆண்டுகளில் எத்தனை ஆயிரம் குறிப்பேடுகளைத் திருத்தியிருப்பேன்! தவறான விடையின்மீது ஒரு சிவப்புக் கோடு. பக்கத்தின் அடியில் ஒரு கையொப்பம். எந்த வரியில் வழி தவறியது, என்ன எதிர்பார்க்கப்பட்டது, மாணவன் என்ன எண்ணி அவ்வாறு எழுதினான் என்று எத்தனை ஏடுகளில் எழுதியிருப்பேன்? உயிரற்ற பொறி எனக்குக் காட்டிய அந்தப் பொறுமையை, உயிருள்ள பிள்ளைகளுக்கு நான் எந்நாளும் காட்டினேன் என்று சொல்ல என் மனச்சான்று இடம் தரவில்லை. சீமோர் பாப்பர்ட் என்ற கல்வியறிஞர், ஜெனீவாவில் பியாஜேயுடன் பணியாற்றியவர், 1967இல் பிள்ளைகளுக்கென லோகோ என்னும் நிரல்மொழியை அமைத்தவர்களுள் ஒருவர். நிரல் எழுதும் பிள்ளை, “இது சரியா, தவறா?” என்று கேட்பதை விட்டு, “இதை எப்படிச் செப்பம் செய்வது?” என்று கேட்கப் பழகுகிறது என்பது அவர் வற்புறுத்திய கருத்து. பயிற்சிப் பள்ளியில் பியாஜேயைப் பத்து மதிப்பெண் வினாவாகப் படித்த எனக்கு, அதன் பொருள் ஓய்வுக்குப் பிறகுதான் விளங்கிற்று.

பழைய நூலை அலமாரியில் வைத்துவிட்டுப் புதியதொன்று வாங்கினேன். தமிழ்நாட்டு அரசு 2019இல் வெளியிட்ட பன்னிரண்டாம் வகுப்புக் கணினி அறிவியல் பாடநூலும் பைத்தானைக் கற்பிக்கிறது. அதனையும் உடன் வைத்துக்கொண்டேன். மாறி, மடக்கு, செயற்கூறு ஆகிய சொற்கள் அதனால் எனக்குப் பழக்கமாயின. ஆங்கிலக் கையேட்டில் புரியாத பகுதியைத் தமிழ்ப் பாடநூலில் பார்த்துத் தெளிந்த நாள்கள் பல. கணியம் என்னும் இணைய இதழைச் சார்ந்தோரும் எளிய தமிழில் கணினி நூல்கள் பலவற்றை எழுதி, எவரும் விலையின்றிப் படிக்குமாறு தந்துள்ளனர். கற்க விரும்பும் தமிழருக்கு இன்று நூல் இல்லை என்ற குறை பெரிதாக இல்லை.

அடுத்து, சாளரம் உடைய செயலி எழுதத் தொடங்கினேன். பைத்தானோடு வரும் டிகின்டர் என்னும் நிரலகம் இதற்கு உதவுகிறது. இங்கே ஒரு புதிய கருத்து எதிர்ப்பட்டது. அதுவரை நான் எழுதிய நிரல்கள், கணக்கைத் தொடங்கி விடையைச் சொல்லிவிட்டு ஓய்ந்துவிடும். சாளர நிரலோ ஓய்வதில்லை, காத்திருக்கிறது. அஞ்சலகச் சாளரத்தின் பின்னே அமர்ந்திருக்கும் எழுத்தரை நினைத்துப் பாருங்கள். ஒருவர் அஞ்சல்தலை கேட்பார், மற்றொருவர் பணம் அனுப்புவார். யார் எப்போது வருவார் என்று எழுத்தருக்குத் தெரியாது. ஆனால் யார் எதைக் கேட்டால் என்ன செய்வது என்று தெரியும். இப்பொத்தானை அழுத்தினால் இச்செயற்கூறு, அப்பெட்டியில் எழுதினால் அச்செயற்கூறு என்று முன்னரே ஏற்பாடு செய்து வைப்பதே சாளர நிரலாக்கம். இந்த உவமை என் கையேட்டில் இல்லை. அது தோன்றிய பிறகுதான் கையேட்டின் நாற்பது பக்கங்கள் எனக்கு விளங்கின. தெரிந்ததிலிருந்து தெரியாததற்குச் செல்க என்று பயிற்சிப் பள்ளியில் எங்களுக்குச் சொன்னார்கள். அந்தத் ‘தெரிந்தது’ எது என்பதை நூலாசிரியர் எல்லோருக்குமாக எழுதிவிட முடியாது. ஒவ்வொரு வாசகனும் தன் வாழ்விலிருந்து அதைத் தேடி எடுக்க வேண்டும்.

என் முதல் சாளரச் செயலி, ஊர் நூலகத்திற்கு வரும் சிறுவர்களுக்கான சொல் விளையாட்டு. கையேட்டில் ஒரு பயிற்சி இருந்தது. ஒரு சொல்லை முன்னிருந்து படித்தாலும் பின்னிருந்து படித்தாலும் ஒன்றாக இருக்கிறதா என்று கண்டறிய வேண்டும். நம் மரபில் இதை மாலைமாற்று என்பார்கள். நிரலை எழுதி, விகடகவி என்ற சொல்லை இட்டேன். “இல்லை” என்றது கணினி! விகடகவியை மாலைமாற்று இல்லை என்று சொல்லும் ஒரு பொறியை நான் அதுவரை கண்டதில்லை. முதலில் கணினியை ஐயுற்றேன். பிறகு நூலை ஐயுற்றேன். மூன்றாவதாகவே என்னை ஐயுற்றேன்.

உண்மை என்னவென்றால், யூனிகோடு முறையில் தமிழின் உயிர்மெய்கள் ஒவ்வொன்றும் தனி எழுத்தாக வைக்கப்படவில்லை. ‘வி’ என்று நாம் ஓரெழுத்தாகக் காண்பது, கணினிக்குள் ‘வ’ ஒன்று, இகரக் குறி ஒன்று என இரண்டு குறிகளாக இருக்கிறது. விகடகவியில் நமக்கு ஐந்தெழுத்து; கணினிக்கு ஏழு குறிகள். அவற்றை அப்படியே திருப்பினால், இகரக் குறி முன்னே வந்து நின்றுவிடும். சொல்லின் நீளத்தைக் கேட்டாலும் இதே கதைதான். ‘தமிழ்’ என்ற மூன்றெழுத்துச் சொல்லுக்குக் கணினி ஐந்து என்று விடை சொல்கிறது. இன்னொரு வியப்பையும் சொல்கிறேன். நம் இலக்கணத்தில் ‘க்’ என்னும் மெய்யே அடிப்படை. அதனோடு அகரம் சேர்ந்தால் ‘க’ ஆகும். கணினியிலோ ‘க’ அடிப்படை. அதன்மேல் புள்ளி இட்டால் ‘க்’ ஆகும். இலக்கணம் கூட்டி ஆக்குவதை, பொறி குறைத்து ஆக்குகிறது. தமிழிலக்கணம் நடத்திய எனக்கு இதைக் கண்டதும் உண்டான மகிழ்ச்சி சிறிதன்று. கொம்பும் காலும் புள்ளியும் வந்தால் முன்னெழுத்தோடு சேர்த்து ஓரெழுத்தாகக் கொள்க என்று ஒரு செயற்கூறு எழுதினேன். விகடகவி தன் பெயரை மீண்டும் பெற்றான். இப்பணியைச் செய்ய ஓப்பன்-தமிழ் என்ற நிரலகம் ஒன்று முன்னரே உண்டு என்பதைப் பின்னர் அறிந்தேன். அறிந்தபோது வருந்தவில்லை; நானே செய்ததால் அல்லவா அது என்ன செய்கிறது என்று விளங்கிற்று!

ஆங்கிலக் கையேடு இதைச் சொல்லவில்லை. சொல்லாததற்கு அதனைக் குறை கூறவும் முடியாது. இருபத்தாறு எழுத்துடைய மொழிக்காரர் எழுதிய பயிற்சி அது. இருநூற்று நாற்பத்தேழு எழுத்துடைய மொழிக்காரன், நூல் முடிந்த இடத்திலிருந்து தன் காலால் நடக்க வேண்டியிருக்கிறது.

இனிக் கைப்பேசிக்கு வருவோம். ஆண்ட்ராய்டு கைப்பேசிகள் 2008இல் சந்தைக்கு வந்தன. தொடக்கத்தில் அவற்றுக்கு ஜாவா மொழியில் நிரல் எழுதினார்கள். 2017இல் காட்லின் என்ற மொழியையும் கூகுள் ஏற்றுக்கொண்டது. 2019 முதல் அதற்கே முதலிடம் என்று அறிவித்தது. திரையை அமைக்கும் முறையும் 2021இல் வந்த ஜெட்பேக் கம்போஸ் என்பதால் பெரிதும் மாறிற்று. என் கையேடு 2019இல் அச்சானது. இம்முறை முதல் பக்கத்தில் ஆண்டைப் பார்த்துத்தான் வாங்கினேன். எனினும் அதற்குப் பிறகு வந்த மாற்றங்களை, உருவாக்கியோரே வெளியிடும் ஆவணங்களைப் பார்த்துத் தெரிந்துகொள்ள வேண்டியிருந்தது. சான்றாக, 2022இல் வந்த பதின்மூன்றாம் பதிப்பு முதல், அறிவிப்பு ஒன்றைத் திரையில் காட்டுவதற்கும் பயனரின் இசைவைப் பெற வேண்டும். 2019இல் எழுதிய நூல் இதை எவ்வாறு சொல்லும்?

கைப்பேசி நிரல், கணினி நிரலைப் போல் நிம்மதியாக அமர்ந்திருப்பதில்லை. நடுவில் ஓர் அழைப்பு வரும். பயனர் வேறு செயலிக்குப் போவார். திரையைக் கிடைமட்டமாகத் திருப்பினால்கூட, ஆண்ட்ராய்டு அத்திரையை அழித்து மீண்டும் ஆக்கும். நாம் எண்ணி வைத்திருந்த கணக்கு சுழியத்திற்குப் போய்விடும். வகுப்பின் நடுவே அடிக்கடி மணியடித்து அறை மாற்றப்படும் ஆசிரியரின் நிலைமை அது. அவர் விட்ட இடத்தைக் குறித்துவைக்கப் பழக வேண்டும். செயலியை நம் கைப்பேசியிலேயே ஏற்றிச் சோதிக்கலாம். அதற்கு, அமைப்புப் பகுதியில் பதிப்பெண் எழுதப்பட்ட இடத்தை ஏழுமுறை தட்ட வேண்டும். தட்டினால் உருவாக்குவோருக்கான வாயில் திறக்கும். ஏதோ மந்திரக் கதை போல் இருந்தாலும் இது மெய்யே.

இப்போது என் பெரும் பிழையைச் சொல்கிறேன். என் மனைவியார் இரத்த அழுத்தத்திற்குக் காலையும் இரவும் மாத்திரை உண்பவர். அவருக்கு வேளை தவறாமல் மணியடித்து நினைவூட்டும் செயலி ஒன்றை எழுதினேன். கையேட்டின் ஓர் அத்தியாயம் முழுவதும் அது பற்றியதே. மணி அடித்தது, திரையில் மாத்திரையின் பெயர் தமிழில் தோன்றியது. மூன்று மாதம் அது குறையின்றி நடந்தது. வந்தவர்களிடமெல்லாம் அவர் கைப்பேசியைக் காட்டி மகிழ்ந்தார். நானும் மகிழ்ந்தேன்.

ஐப்பசி மழையில் ஒருநாள் மாலை மின்சாரம் போயிற்று. இரவில் கைப்பேசியின் மின்கலம் தீர்ந்து அது அணைந்தது. காலையில் மின்சாரம் வந்ததும் மின்னேற்றி இயக்கினோம். எல்லாம் முன்போலவே இருந்தது. ஆனால் அதற்குப் பின்னர் மணி அடிக்கவில்லை. இரண்டு நாள் கழித்துக் கிணற்றடியில் அவருக்குத் தலைச்சுற்றல் வந்தது. மருத்துவரிடம் அழைத்துச் சென்றேன். மாத்திரை உண்டாயா என்று வழியில் கேட்டேன். அவர் சொன்ன விடை இன்னும் என் காதில் இருக்கிறது: “உங்கள் மணி அடிக்கவில்லை. அதனால் வேளை ஆகவில்லை என்று இருந்துவிட்டேன்.”

அச்செயலி வருவதற்கு முன்பு பல ஆண்டுகள் அவர் ஒருவேளையும் தவறியதில்லை. காப்பித் தூள் டப்பாவின் அருகில் மாத்திரையை வைத்திருப்பார், அதுவே நினைவூட்டும். என் மணியை நம்பி அந்த வழக்கத்தை அவர் விட்டிருந்தார். கருவி ஒரு சுமையைத் தாங்கும்போது, மனம் அதை இறக்கி வைத்துவிடுகிறது. பிறகு கருவி தவறினால், சுமையைத் தூக்க ஆளில்லை. நல்லவேளையாகத் தீங்கு ஒன்றும் பெரிதாக நேரவில்லை. மருத்துவர் மாத்திரையை மீண்டும் தொடங்கச் சொல்லி அனுப்பினார்.

வீட்டிற்கு வந்து கையேட்டைப் புரட்டினேன். அதே அத்தியாயத்தின் முடிவில் நான்கு வரிகள் இருந்தன. கருவி அணைந்தால், பதிந்து வைத்த மணிகள் யாவும் அழிந்துவிடும். கருவி மீண்டும் இயங்கத் தொடங்கியதும் இயக்கமுறைமை ஓர் அறிவிப்பை விடுக்கும். செயலி அதனைக் கேட்டு மணிகளை மீண்டும் பதிந்துகொள்ள வேண்டும். அதற்கான இசைவை முன்னரே கேட்டுவைக்க வேண்டும். நான்கே வரிகள்! மணி அடித்துவிட்டதே, இனி என்ன என்று நான் படிக்காமல் தாண்டிய வரிகள். முதல் கையேடு பழமையால் என்னைத் தடுக்கி விழச் செய்தது. இரண்டாவது தன் மொழியின் எல்லையில் நின்றது. இந்த மூன்றாவதோ சொல்ல வேண்டியதைச் சொல்லியிருந்தது. அவசரத்தால் பாராதவன் நான். மாணவன் பாடத்தின் இறுதிப் பத்தியைப் படிக்காமல் வந்தால் பெஞ்சின்மேல் ஏற்றி நிறுத்தியவனும் நான்தான்.

அன்றிரவே அக்குறையைத் தீர்த்தேன். தீர்த்த பிறகு, கைப்பேசியை வேண்டுமென்றே பலமுறை அணைத்து இயக்கிப் பார்த்தேன். நூலிலுள்ள வினாவுக்கு விடை எழுதினால் மட்டும் போதாது. நூலில் இல்லாத வினாவைத் தானே கேட்டுத் தன் நிரலைச் சோதிக்க வேண்டும் என்று அறிந்தேன். மின்கலம் தீர்ந்தால் என்ன ஆகும்? ஒலியை அடக்கி வைத்திருந்தால் என்ன ஆகும்? எழுதியவன் கேட்காத வினாவை, ஒருநாள் வாழ்க்கை கேட்டுவிடும். என் மனைவியாரோ இதற்கெல்லாம் சிரித்துவிட்டு, மாத்திரையை மீண்டும் காப்பித் தூள் டப்பாவின் அருகில் வைத்துவிட்டார். இப்போது இரண்டும் இருக்கின்றன. அதுவே சரியென்று எனக்கும் தோன்றுகிறது.

நூல்வழி நிரல் கற்க விரும்புவோருக்கு என் பட்டறிவிலிருந்து சில சொல்வேன். நூலை வாங்குமுன் அச்சிட்ட ஆண்டையும், அது எந்தப் பதிப்புக்கு எழுதப்பட்டது என்பதையும் பாருங்கள். உங்கள் கணினியில் உள்ள பதிப்போடு ஒப்பிடுங்கள். கணினியின் ஆற்றலையும் பாருங்கள். ஆண்ட்ராய்டு ஸ்டுடியோ என்னும் பணிக்கருவிக்குக் குறைந்தது 8 ஜிபி நினைவகமாவது வேண்டும். அதில் பாதியே இருந்த என் பழைய மடிக்கணினி அதைச் சுமக்க மாட்டாமல் தவித்தது. எடுத்துக்காட்டு நிரல்களை வெட்டி ஒட்டாமல் உங்கள் கையால் தட்டெழுதுங்கள். இயக்குமுன், என்ன விடை வரும் என்பதைத் தாளில் எழுதி வையுங்கள். வந்த விடை வேறாக இருந்தால், அங்கேதான் உங்கள் பாடம் இருக்கிறது. ஒருமுறை ஒன்றை மட்டும் மாற்றிப் பாருங்கள். பிழைகளுக்கென ஒரு குறிப்பேடு வைத்துக்கொள்ளுங்கள்: பிழைச்செய்தி, காரணம், தீர்வு என மூன்று பத்திகள் போதும். என் குறிப்பேட்டில் இப்போது இருநூறுக்கு மேற்பட்ட பிழைகள் உள்ளன. என் வாழ்நாளில் பெற்ற பாராட்டுப் பத்திரங்கள் எவற்றையும்விட அதனை மிகுதியாக மதிக்கிறேன். ஓர் அத்தியாயம் முடிந்ததும் நூலை மூடிவிட்டு, அதே நிரலை நினைவிலிருந்து எழுத முயலுங்கள். அத்தியாயத்தின் இறுதி வரிகளைத் தாண்டாதீர்கள். வீட்டில் ஒருவருக்கு உண்மையாகவே தேவைப்படும் சிறியதொரு செயலியை எடுத்துக்கொள்ளுங்கள். பயன்படுத்துவோர் முகத்தை நேரில் காணும்போது பொறுப்பு தானே வரும்.

“2022இல் சாட்ஜிபிடி வந்துவிட்டது. கேட்டால் நிரலைப் பொறியே எழுதித் தருகிறது. இனிக் கையேடு எதற்கு?” என்று என் பழைய மாணவரின் கடைக்கு வரும் பிள்ளைகள் என்னைக் கேட்கிறார்கள். நியாயமான வினாவே. நானும் அதனிடம் கேட்டு உதவி பெற்றதுண்டு. எழுதித் தருவதை நான் மறுக்கவில்லை. ஆனால் எழுதித் தந்ததைப் படித்துப் பார்த்து, இது சரி, இது தவறு என்று சொல்ல ஒருவர் வேண்டும் அல்லவா? கைப்பேசி அணைந்து எழுந்தால் மணி என்ன ஆகும் என்று கேட்கத் தெரிந்தவருக்கே விடை பயன்படும். கேட்கத் தெரிவதற்கு, அப்படியொரு வினா உண்டு என்பது முன்னரே தெரிந்திருக்க வேண்டும். நூலை முதலிலிருந்து முடிவுவரை பொறுமையாகப் படிப்பவன், தான் கேட்க நினைக்காத வினாக்களையும் வழியில் சந்திக்கிறான். கையேட்டின் பெரும்பயன் இதுவே என்று கருதுகிறேன்.

நேயர்களே, சென்ற மாதம் அந்த நகலகத்து இளைஞர் என்னிடம் ஒரு வினாவோடு வந்தார். தம் மகளுக்கான விளையாட்டுச் செயலியில் தமிழ்ச் சொற்களின் எழுத்தெண்ணிக்கை தவறாக வருகிறது என்றார். கொம்பையும் புள்ளியையும் பற்றி அவருக்குச் சொன்னேன். அவர் கேட்டுக்கொண்டே தம் குறிப்பேட்டில் எழுதினார். ஒன்பதாம் வகுப்பில் நான் சிவப்புக் கோடு இட்டுத் திருப்பித் தந்த குறிப்பேடுகள் என் நினைவுக்கு வந்தன. “அன்று உனக்குக் கணக்கு வராது என்று சொன்னேன். அது என் பிழை, தம்பி” என்றேன். அவர் சற்று நேரம் பேசவில்லை. பிறகு, “எந்த வரியில் பிழை என்று தெரிந்துவிட்டதே, ஐயா. இனித் திருத்திவிடலாம்” என்றார்.